துளசிமணி கழற்றிவிட்ட கோடுகள்

பல்லடத்துக்கு மேற்கே, விசைத்தறிச் சத்தம் ஓயாத குப்பண்ணன் லேஅவுட்டில், பள்ளிக்கூட வேன் ஓட்டும் துளசிமணி கண்ணுக்கு லேசர் செய்துகொண்டு திரும்பிய புரட்டாசி மாதத்தில்தான், அதுவரைக்கும் அவள் ஒருத்தி கண்ணுக்கு மட்டும் தெரிந்துகொண்டிருந்த கோடுகள் அங்கே குடியிருந்த எல்லாருடைய கண்ணுக்கும் தெரிய ஆரம்பித்தன, அவள் கண்ணுக்கு மட்டும் தெரியாமல் போயின.

அந்தக் கோடுகள் அவளோடு கூடப் பிறந்தவை. குண்டு பல்பானாலும் டியூப்லைட்டானாலும் சாமிக்கு ஏற்றிய அகலானாலும் அவள் பார்த்த வெளிச்சத்துக்கெல்லாம் ஒரு வால் இருந்தது. கடிகாரத்தில் பத்துக்கும் நாலுக்கும் நடுவே ஸ்கேல் வைத்து இழுத்தது போல, மேலே இடப்பக்கம் ஒரு முனையும் கீழே வலப்பக்கம் ஒரு முனையுமாக, எல்லா விளக்கிலும் ஒரே சாய்வில் அது நீட்டிக்கொண்டிருக்கும். நிலாவைப் பார்த்தால் இரண்டு இருக்கும். "லைட்டுல கோடு வருதும்மா" என்று சின்ன வயதில் சொன்னபோது அவளுடைய அம்மா "நேராப் பாரு" என்றாள், பள்ளிக்கூடத்தில் வாத்தியார் "ஒழுங்காப் பாரு" என்றார், கூடப் படித்தவர்கள் பார்க்கவே வேண்டாம் என்று சிரித்தார்கள். ஒன்பதாவது படிக்கும்போது கண் முகாம் போட வந்தவர்கள்தான் சிலிண்டர் பவர் என்று அதற்கு ஒரு பெயரைச் சொல்லிக் கண்ணாடி மாட்டிவிட்டார்கள். மாட்டியதும் கோடுகள் குட்டையாயின, ஒழியவில்லை. அந்தக் கண்ணாடி மூக்கின் மேல் துளி இறங்கினாலும், ஒரு பக்கம் துளி தூக்கிக்கொண்டாலும், வீதியே சாய்ந்துவிடும். மழை பெய்தால் அதில் தண்ணீர், டீ குடித்தால் ஆவி, வேனில் ஏறுகிற எல்.கே.ஜி. பிள்ளைகளுக்கோ அதைப் பிடித்து இழுப்பதே விளையாட்டு.

பகலில் அவளைப் போல் வண்டி ஓட்ட அந்தப் பக்கம் ஆள் கிடையாது. பொழுது சாய்ந்துவிட்டால் மட்டும் எதிரே வருகிற லாரி விளக்கின் வால் ரோட்டையே மூடிவிடும். அப்படி ஒரு பொழுது சாய்ந்த வேளையில், அந்த வாலுக்குப் பின்னால் சைக்கிளில் வந்த மனிதர் அவளுக்குத் தெரியவே இல்லை. கடைசி நொடியில் பிரேக்கை மிதித்தாள். சைக்கிள் ஒரு பக்கம் கிடக்க, அவர் ஒரு பக்கம் புழுதியில் விழுந்தார். அடி ஒன்றுமில்லை. எழுந்து வேட்டியைத் தட்டிவிட்டுக்கொண்டு, "கண்ணு தெரியலைன்னா ஊட்ல உக்கார வேண்டியதுதானே அம்மிணி" என்றார். அவர் திட்டியிருந்தால்கூடப் பரவாயில்லை, சாதாரணமாகத்தான் சொன்னார். மறுவாரமே அவள் கோயமுத்தூருக்குப் பஸ் ஏறினாள்.

கண் ஆஸ்பத்திரியில் இருந்த டாக்டர் அம்மாள் பொறுமைசாலி. கருவிழியின் கனத்தை அளந்து பார்த்தார், படம் எடுத்துப் பார்த்தார், அப்புறம் மேசைமேல் இருந்த ஒரு பிளாஸ்டிக் கண்ணைக் கையில் எடுத்துக்கொண்டார்.

"கருவிழி பந்து மாதிரி உருண்டையா இருக்கணும்மா. உங்களுக்குக் கொஞ்சம் கோழிமுட்டை மாதிரி ஒரு பக்கமா நீண்டிருக்கு. அதனால வெளிச்சம் ஒரே இடத்துல போய்ச் சேராம, முன்னயும் பின்னயுமா சிதறுது. லேசர்ல அந்த மேட்டைச் செதுக்கி விட்டுரலாம்."

"அப்ப அந்தக் கோடெல்லாம் எங்கீங்க போகும்?"

"எங்கயும் போகாது. இல்லாம போயிரும்."

மரத்துப்போகிற சொட்டு மருந்து விட்டார்கள், இமை மூடாமல் இருக்கக் கவ்வி வைத்தார்கள், மேலே தெரிகிற பச்சைப் புள்ளியையே பாருங்கள் என்றார்கள். பார்த்துக்கொண்டே இருந்தாள். முடி பொசுங்குகிற மாதிரி ஒரு வாசம் வந்தது. அவ்வளவுதான், எழுந்திருங்கள் என்றார்கள். தலைக்குத் தண்ணீர் ஊற்றாதே, கண்ணைக் கசக்காதே, அடுப்படிப் புகையில் நிற்காதே, சொட்டு மருந்தை மறக்காதே என்று சொல்லிக் கறுப்புக் கண்ணாடி ஒன்றைப் போட்டு அனுப்பினார்கள்.

மறுநாள் பொழுதோடு வீட்டு வாசலில் நின்று அந்தக் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினாள். தெருவிளக்குகள் ஒவ்வொன்றாக எரிய ஆரம்பித்தன. ஒவ்வொன்றும் உருண்டையாக, வாலில்லாமல், கழுவி வைத்த எலுமிச்சம்பழம் போல அதனதன் கம்பத்தில் உட்கார்ந்திருந்தது. வானத்தில் ஒரே ஒரு நிலா இருந்தது. அழுதால் கண்ணுக்கு ஆகாது என்று சொல்லியிருந்ததால் மூக்கை மட்டும் உறிஞ்சிக்கொண்டாள். அந்த நேரத்தில்தான் பக்கத்து வீட்டு ரங்கநாயகி, கோலமாவு டப்பாவும் கையுமாக வெளியே வந்தவள், தெருவிளக்கை நிமிர்ந்து பார்த்து, "இதென்ன புள்ள, லைட்டுல கோடு வருது?" என்றாள்.

எல்லா விளக்கிலும் வந்தது. பத்துக்கும் நாலுக்கும் நடுவே இழுத்த அதே சாய்வில், தெருவிளக்கில் மூங்கில் நீளத்துக்கும், வாசல் பல்பில் முழ நீளத்துக்கும், செல்போன் டார்ச்சில் தீக்குச்சி நீளத்துக்கும் வந்தது. லேஅவுட்டின் எல்லைக் கல்லைத் தாண்டி ஒரு கோடும் இல்லை. தறியிலிருந்து வந்தவர்கள் சைக்கிளை நிறுத்தி அண்ணாந்து பார்த்தார்கள், போனில் படம் எடுத்துப் பார்த்தார்கள், படத்தில் வெறும் விளக்குதான் இருந்தது. தொட்டுப் பார்த்தார்கள். இஸ்திரி போட்ட சட்டையின் சூடு இருந்தது, கனம் இல்லை, வளையவும் இல்லை. "நம்ம துளசிமணி சின்னதுல இருந்து சொல்லிட்டிருந்தது இதைத்தான்" என்று யாரோ சொன்னார்கள். உடனே எல்லாரும் திரும்பி, வாசலில் மூக்கை உறிஞ்சிக்கொண்டு நின்ற துளசிமணியைப் பார்த்தார்கள்.

"எங்க கோடு?" என்றாள் அவள்.

"அட, உன்ற தலைக்கு மேலதான்."

"எனக்கு ஒண்ணும் தெரியலையே."

"ஒழுங்காப் பாரு புள்ள" என்றாள் ரங்கநாயகி.

துளசிமணிக்கு அன்றைக்கு வந்த எரிச்சல் அப்புறம் போகவே இல்லை.

அது எப்படி வந்தது என்று லேஅவுட்டில் யாரும் ரொம்ப யோசிக்கவில்லை. ஒரு கண்ணிலிருந்து எடுத்த பொருளை எங்கேயாவது போட்டுத்தானே ஆகவேண்டும் என்று டீக்கடைச் செல்லப்பன் சொன்னார், அது எல்லாருக்கும் நியாயமாகப் பட்டது. கோட்டை என்ன செய்வது என்பதுதான் பேச்சாக இருந்தது. முதல் வாரம் குனிந்து போகப் பழகினார்கள். இரண்டாவது வாரம் ரங்கநாயகி தன் வாசல் விளக்குக் கோட்டில் ஈரத் துண்டைப் போட்டுப் பார்த்தாள். அடியில் இருந்த சூட்டுக்கு அது சட்டென்று காய்ந்தது. அதற்கப்புறம் வீதி முழுக்கக் கோடுகளில் துணி தொங்கியது. செல்லப்பன் வாழைத்தாரைக் கோட்டில் கட்டினார். சுரைக்கொடி வைத்திருந்தவர்கள் பந்தலைப் பிரித்து விறகாக்கிவிட்டுக் கொடியைக் கோட்டின் பக்கம் திருப்பிவிட்டு, விளக்கைப் பகலிலும் எரியவிட்டார்கள். கைக்குழந்தைக்காரர்கள் டியூப்லைட்டுக் கோட்டில் தொட்டில் கட்டி, பிள்ளை தூங்குகிற வரைக்கும் யாரும் சுவிட்சைத் தொடக்கூடாது என்று காவல் இருந்தார்கள். கார்த்திகை தீபத்தன்று வாசல் வாசலாக வரிசை வரிசையாக ஏற்றிய அகல்களுக்கெல்லாம் விரலளவு விரலளவாகக் கோடு முளைத்து, குப்பண்ணன் லேஅவுட்டு முழுக்கப் பொன்னிறத்தில் கதிர் பிடித்த வயல் மாதிரி நிற்க, பெண்கள் புடவையைக் கணுக்காலுக்கு மேலே தூக்கிக்கொண்டு, அதை மிதிக்க மனசில்லாமல், ஒரு வீட்டிலிருந்து இன்னொரு வீட்டுக்குப் பொரி உருண்டை கொண்டுபோனார்கள். அதைப் பார்த்தவர்கள் அப்புறம் ரொம்ப நாள் அதைப் பற்றியே பேசினார்கள். துளசிமணிக்குத் தெரிந்தது அகல் விளக்கும், காரணமில்லாமல் காலைத் தூக்கித் தூக்கி வைத்து நடக்கிற ஜனங்களும்தான்.

கோடு அவளைத் தொடுவதும் இல்லை. எல்லாரும் குனிகிற இடத்தில் அவள் நிமிர்ந்து போனாள், ஒன்றும் இடிக்கவில்லை. ஆனால் ஒன்றுமில்லாத காற்றில் தொங்குகிற ஈரச் சட்டைகள் அவள் முகத்தில் வந்து அறைந்தன.

நல்லது நடக்கும்போது கோடு ஊருக்குச் சொந்தமாக இருந்தது. கெட்டது நடந்தால் அது துளசிமணியின் கோடாக ஆனது. மோட்டார் சைக்கிள் விளக்குக்கும் கோடு உண்டல்லவா. எதிரும் புதிருமாக வந்த இரண்டு வண்டிகளின் கோடுகள் எருமைக் கொம்பு மாதிரி மாட்டிக்கொண்டு, பிரிக்க வழியில்லாமல், இரண்டு பேரும் விளக்கை அணைக்க, இருட்டில் சாக்கடைக்குள் இறங்கினார்கள். எழுந்து நேராக அவள் வீட்டுக்கு வந்தார்கள். மேற்கு வீட்டு விளக்கின் கோடு கிழக்கு வீட்டுச் சமையலறைக்குள் புகுந்து அஞ்சறைப்பெட்டியைத் தட்டிவிட்டது என்று இரண்டு வீட்டுக்காரர்களும் சண்டை போட்டு, சண்டையில் தீர்வு வராமல், இரண்டு பேருமாகச் சேர்ந்து அவள் வீட்டுக்கு வந்தார்கள். ஒரு கல்யாண வீட்டில் சீரியல் லைட் போட்டதில் கோடும் கோடும் பின்னிப் பாய் மாதிரி ஆகி, மாப்பிள்ளை அழைப்பு உள்ளே வர முடியாமல் வீதியிலேயே நின்றுவிட்டது. அன்றைக்கு வந்தவர்கள் கொஞ்சம் மரியாதையாகவே வந்தார்கள், தட்டில் வெற்றிலை பாக்கு வைத்திருந்தார்கள்.

"ஏனுங்க அம்மிணி, உங்க கோட்டைக் கொஞ்சம் அப்படித் திருப்பிக்க முடியுங்களா?"

"நான் எங்கீங்க வெச்சிருக்கேன் திருப்பறதுக்கு?"

"உங்களுதுதானுங்களே."

"என்னோடதா இருக்கையில ஒருத்தரும் அது இருக்குதுன்னே ஒத்துக்கலையே! இப்ப எனக்கு அது தெரியக்கூட இல்லைங்க. உங்க எல்லாருக்கும்தான் தெரியுது. தெரியறவங்க திருப்பிக்கங்க!"

அவர்கள் அவளைப் பாவம் போலப் பார்த்துவிட்டுப் போனார்கள். சாயந்தரம் ஸ்பெஷல் கிளாஸ் முடிந்து வருகிற பெண்பிள்ளைகளை ஏற்றிவரும் நடையை, கண் நன்றானதும் பள்ளிக்கூடத்தில் கேட்டு வாங்கியிருந்தாள். இருட்டின பிறகு குப்பண்ணன் லேஅவுட்டுக்குள் எங்கும் இடிக்காமல் ஒரு வண்டி வந்துபோகிறது என்றால் அது அவளுடைய வேன் மட்டும்தான். அதையும் குறையாகச் சொன்னார்கள். "தனக்கு மட்டும் வழி வெச்சுக்கிட்டா பாரு."

அந்த வார்டு கவுன்சிலர் சாந்தாமணி. ஆனால் பேசுவதெல்லாம் அவளுடைய வீட்டுக்காரர் தம்பிராஜ்தான். அவர் வந்தால் துளசிமணியின் வீட்டுக்காரன், தறி ஓட்டும் நாச்சிமுத்து, நாற்காலியைத் துடைத்துப் போட்டுவிட்டு, தறியில் நிற்பது போலச் சுவரோரமாக நிற்பான். தம்பிராஜ் நாற்காலியில் உட்கார்ந்து, தன் தலைக்கு மேலே போன கோட்டை ஒரு தடவை பார்த்துவிட்டு, "ஆஸ்பத்திரிக்குப் போயி, எடுத்ததைத் திருப்பி வெச்சுவிடச் சொல்லுங்க" என்றார்.

போனாள். டாக்டர் அம்மாள் ஒவ்வொரு கண்ணாகப் பார்த்தார். கடைசி வரியில் இருந்த பொடி எழுத்தைக்கூட அவள் கடகடவென்று படித்தாள்.

"அருமையா இருக்கே! லைட்டைச் சுத்திக் கோடு ஏதாவது தெரியுதா?"

"எனக்குத் தெரியலைங்க. அக்கம்பக்கத்துல எல்லாருக்கும் தெரியுது."

"அவங்களை வரச் சொல்லுங்க, பார்த்துரலாம்" என்றார்.

"எடுத்ததைத் திரும்ப வெக்க முடியுங்களா?"

"செதுக்கினது ஆவியாப் போயிருச்சும்மா. எதுக்கு வெக்கணும்? நல்லாத்தானே இருக்கீங்க?"

"நல்லாத்தான் இருக்கேன்" என்றாள் துளசிமணி. சொல்லும்போதே அழுகை வந்துவிட்டது. இப்போது அழலாம் என்று டாக்டர் சொன்னார்.

இப்படி இருக்கும்போது ஒருநாள் விளக்கு வைக்கிற நேரத்தில் ரங்கநாயகி ஒரு தகராறோடு வந்தாள். துளசிமணி வேனை விட்டு இறங்கி நடக்கையில் கோட்டில் கிடந்த ரங்கநாயகியின் பட்டுப்புடவையை இழுத்துக் கீழே தள்ளிவிட்டாளாம். தெரியவில்லை அக்கா என்றால், தெரியாதது மாதிரி நடிக்கிறாய் என்றாள். பேச்சு வளர்ந்தது. துளசிமணி வீட்டுக்குள் போய், பீரோவில் கிடந்த பழைய பவர் கண்ணாடியை எடுத்துவந்து, "இந்தா, இதையும் போட்டுப் பார்த்துட்டே சொல்றேன், போதுமா?" என்று மாட்டினாள்.

நன்றாக இருந்த கண்ணுக்கு அந்தக் கண்ணாடி ஆகுமா? வீதி இழுத்துக்கொண்டு ஒரு பக்கம் சாய்ந்தது. தெருவிளக்குகள் வாலை நீட்டின. ரங்கநாயகி இரண்டு ஆனாள், இரண்டு வாயும் திறந்திருந்தன. ஏனென்றால் அதே நொடியில் வீதியில் இருந்த கோடுகள் அத்தனையும் போய்விட்டன. காயப் போட்ட துணிகள் பொத்துப் பொத்தென்று விழுந்தன, வாழைத்தார் டீக்கடை பாய்லர் மேல் விழுந்தது, ஒரு வீட்டில் தொட்டிலோடு விழுந்த குழந்தை நல்லவேளையாகத் தாயின் மடியிலேயே விழுந்து வீறிட்டது. துளசிமணி கண்ணாடியைக் கழற்றினாள். கோடுகள் திரும்ப வந்தன. அவள் மாட்டினாள், போயின.

"அட, இவ்வளவுதானா!" என்றாள் ரங்கநாயகி.

இவ்வளவுதான் என்றுதான் லேஅவுட்டு முழுக்கச் சொன்னார்கள். பொழுது சாய்ந்தால் துளசிமணி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வீட்டுக்குள் உட்கார்ந்திருக்க வேண்டியது, விளக்கெல்லாம் அணைந்து ஊர் படுத்தபின் கழற்றிக்கொள்ள வேண்டியது. இதில் என்ன கஷ்டம்? இத்தனை வருஷம் போட்டதுதானே? தம்பிராஜ் வந்து, ஊர் நன்மைக்காக ஒருத்தர் கொஞ்சம் விட்டுக்கொடுத்தால் என்ன என்று கேட்டார். நாச்சிமுத்துவும் சுவரோரத்தில் நின்றபடியே, "போட்டுக்கிட்டாத்தான் என்ன மணி? ஊட்டுக்குள்ள தானே?" என்றான். அவனை அவள் திரும்பிப் பார்த்த பார்வையில் அவன் தண்ணீர் குடிக்க உள்ளே போய்விட்டான்.

போட்டுக்கொண்டாள். சாயந்தர நடை வேறொருவருக்குப் போயிற்று. பொழுதோடு பொழுதோடு அவள் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, இரண்டாகத் தெரிகிற சுவரைப் பார்த்தபடி, நெற்றிப்பொட்டு விண்விண்ணென்று தெறிக்க, வாந்தி வருகிறதை அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருக்க, வெளியே வீதி நிமிர்ந்து நடந்தது, வண்டிகள் விளக்கைப் போட்டுக்கொண்டு போயின, யாரும் அவள் வீட்டுக் கதவைத் தட்டவில்லை. நன்றி சொல்லக்கூடத் தட்டவில்லை.

பத்துப் பதினைந்து நாளில் தட்டினார்கள். முதலில் சுரைக்கொடிக்காரர் வந்தார்: பந்தலைப் பிரித்து விறகாக்கிவிட்டேனே, கொடியெல்லாம் தரையில் கிடக்கிறது, ஒன்றுவிட்டு ஒரு நாளாவது கோடு வேண்டும். தொட்டில்காரி வந்தாள்: கோட்டில் ஆடின பிள்ளை இப்போது கயிற்றில் தூங்க மாட்டேன் என்கிறது. செல்லப்பன் வந்தார்: ஞாயிற்றுக்கிழமை மட்டும் போதும், அன்றைக்குத்தான் வெளியூர் ஆள் கோடு பார்க்க வருகிறார்கள், டீ நன்றாக ஓடுகிறது. மோட்டார் சைக்கிள்காரர்கள் ஞாயிற்றுக்கிழமை கூடவே கூடாது என்றார்கள். மாரியம்மன் கோயில் பூசாரி வெள்ளிக்கிழமை சாயந்தரம் அம்மனுக்கு எதிரே ஏற்றுகிற விளக்குக்குக் கோடு கட்டாயம் வேண்டும் என்றும், அதே நேரத்தில் கோயில் வாசல் டியூப்லைட்டுக்குக் கோடு வரக்கூடாது என்றும் சொன்னார். "ஒரு கண்ணுக்கு மட்டும் கண்ணாடி போட்டுப் பாருங்களேன்" என்று யோசனையும் சொன்னார்.

துளசிமணி அந்தச் சாயந்தரமே எல்லாரையும் கோயில் மண்டபத்துக்கு வரச் சொன்னாள். ஆண்களும் பெண்களும் வந்தார்கள், தம்பிராஜ் நடுவில் உட்கார்ந்தார், சாந்தாமணி ஓரமாக உட்கார்ந்தாள். துளசிமணி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வந்திருந்தாள், அதனால் மண்டபத்து விளக்குகள் சாதுவாக எரிந்துகொண்டிருந்தன.

"கோடு வேணுமா வேண்டாமான்னு நீங்களே பேசி முடிவு பண்ணிக்கங்க" என்றாள். "எனக்கு ஒண்ணே ஒண்ணுதான். இந்தக் கண்ணாடிய யாரு போட்டாலும் ஒண்ணுதான்னு நினைக்கறேன். நான் முப்பது வருசத்துக்கு மேல அந்தக் கோட்டைச் சுமந்துட்டேன். இனி ஊட்டுக்கு ஒரு நாளுன்னு முறை போட்டுக்கலாம். யாரு மொதல்ல?"

முன்னால் இருந்தவர்கள் பின்னால் இருந்தவர்களைத் திரும்பிப் பார்த்தார்கள்.

"அது எப்படீங்க, உங்க பவரு உங்களுக்குத்தானே பொருந்தும்" என்றார் செல்லப்பன்.

"இப்ப எனக்கும் பொருந்தலைங்கண்ணா. அதுக்குத்தானே கண்ண அறுத்துக்கிட்டேன்."

ஊர் நன்மை என்று ஏற்கெனவே பேசிவிட்டதால் தம்பிராஜ் எழுந்திருக்க வேண்டியதாயிற்று. சிரித்துக்கொண்டே வாங்கி மாட்டினார். அவள் கழற்றியதற்கும் அவர் மாட்டியதற்கும் இடையே மண்டபம் முழுக்கக் கோடு பளீரென்று வந்து, அவர் மாட்டியதும் போயிற்று. ஆக, யார் போட்டாலும் ஒன்றுதான். தம்பிராஜ் நிமிர்ந்து விளக்கைப் பார்த்தார். இரண்டடி நடந்தார். இல்லாத ஒரு தூணுக்கு விலகி, இருக்கிற தூணில் போய் இடித்துக்கொண்டார். "ஐயோ, தரை ஏனுங்க இப்படிச் சாயுது" என்று தூணைக் கட்டிப்பிடித்துக்கொண்டு, மண்டபப் படியில் உட்கார்ந்து, மத்தியானம் தின்றதை எல்லாம் வாந்தி எடுத்தார். சாந்தாமணி ஓடிவந்து அவர் முதுகைத் தடவிக்கொடுத்தபடி கண்ணாடியைப் பிடுங்கித் துளசிமணியிடம் நீட்டினாள்.

அடுத்த முறை யாருடையது என்று துளசிமணி கேட்டாள்.

ரங்கநாயகிக்கு ஏற்கெனவே ஒற்றைத் தலைவலி. செல்லப்பனுக்குச் சூட்டு அடுப்போடு வேலை. பூசாரி, கண்ணாடி போட்டுக்கொண்டு அம்மனைத் தொடக்கூடாது என்றார், அப்படி ஒன்றை யாரும் கேள்விப்பட்டதில்லை. மோட்டார் சைக்கிள்காரர்கள், கோடு என்ன கோடு, குனிந்து போனால் போகிறது என்றார்கள். மேற்கு வீடும் கிழக்கு வீடும் அஞ்சறைப்பெட்டியை வேறு அலமாரிக்கு மாற்றிக்கொள்வதாகச் சமாதானம் ஆனார்கள். கொஞ்ச நேரத்தில் தம்பிராஜ் வாயைக் கொப்பளித்துவிட்டு வந்து, எல்லாருக்கும் சேர்த்துப் பேசினார்:

"கோடு பாட்டுக்கு இருந்துட்டுப் போகட்டுமுங்க. அதனால என்ன கெட்டுப் போச்சு? பார்க்கறதுக்கும் நல்லாத்தான் இருக்குது."

எல்லாரும் ஆமாம் என்றார்கள். தெருமுனையில் வண்டி விளக்கை அணைத்துவிட்டு வரவும் என்று ஒரு போர்டு வைப்பது, கல்யாணத்துக்குச் சீரியல் லைட் வேண்டாம், பெட்ரோமாக்ஸ் ஒன்றே போதும் என்று பேசிக்கொண்டே கலைந்துபோனார்கள். இத்தனை நாள் துளசிமணி வாங்கிய தலைவலியைப் பற்றி ஒருத்தரும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அவள் கண்ணாடியை ஜாக்கெட்டுக்குள் செருகிக்கொண்டு விறுவிறுவென்று நடந்தாள், காற்றில் தொங்கிய யாருடையதோ வேட்டி முகத்தில் அறைந்தது, அதை இழுத்துச் சாக்கடையில் எறிந்துவிட்டு நடந்தாள். நாச்சிமுத்து குனிந்து குனிந்து பின்னாலேயே வந்தான்.

வீட்டுக்குள் வந்ததும் கண்ணாடியைக் கட்டில்மேல் வீசிவிட்டு அடுப்படிக்குப் போனாள். பாத்திரங்கள் சத்தம் போட்டன. கொஞ்ச நேரம் கழித்துத் திரும்பிப் பார்த்தபோது நாச்சிமுத்து கட்டிலில் உட்கார்ந்திருந்தான். கண்ணாடி அவன் மூக்கில் இருந்தது. கட்டில் சட்டத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, அசையாமல், உத்தரத்தில் எரிகிற பல்பைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"உங்களை யாரு போடச் சொன்னாங்க?"

அவன் மெதுவாகக் கழுத்தைத் திருப்பி அவளைப் பார்த்தான். இரண்டு கண்ணிலும் தண்ணீர் நின்றது, வலியில் வந்ததுதான்.

"ரெண்டாத் தெரியறே மணி" என்றான். "நீ கல்யாணத்தன்னிக்குக் கண்ணாடியே போடலயே?"

"உங்க அம்மாதானே கழட்டச் சொன்னது. போட்டோவுக்கு நல்லா இருக்காதுன்னு."

"அப்ப நானும் ரெண்டாத்தான் தெரிஞ்சனா?"

"மணவறையில ரெண்டு பேரு உக்காந்திருந்தாங்க. எந்தக் கழுத்துல மாலையப் போடறதுன்னே எனக்குத் தெரியல."

"அப்பறம்?"

"ரெண்டுல எது பளிச்சுன்னு இருந்துச்சோ, அதுக்குப் போட்டேன்."

நாச்சிமுத்து கண்ணாடியை மூக்கின் மேல் தள்ளிவிட்டுக்கொண்டான். "ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே" என்றான்.

"சொன்னேனே! பத்தொம்பது வருசமா என்னத்தச் சொல்லிட்டிருந்தேன்?" என்று துளசிமணி கரண்டியோடு திரும்பிக் கத்தினாள். கத்தி முடிப்பதற்குள் வெளியே கூச்சல் கேட்டது. கோடு இருந்துவிட்டுப் போகட்டும் என்று முடிவு செய்த தைரியத்தில், கூட்டம் முடிந்த கையோடு எல்லாரும் துணியைக் கொண்டுவந்து போட்டிருந்தார்கள், வாழைத்தாரைக் கட்டியிருந்தார்கள், பிள்ளையைத் தொட்டிலில் விடப்போயிருந்தார்கள். கதவு தடதடவென்று இடிபட்டது. "துளசிமணி! கோட்டை எங்க புள்ள காணம்? துணி பூராவும் சாக்கடையில கிடக்குது!" என்று ரங்கநாயகியின் குரல் கேட்டது. அவளுக்குப் பின்னால் செல்லப்பனின் குரலும், அதற்குப் பின்னால் குழந்தை வீறிடுவதும் கேட்டது.

நாச்சிமுத்து பதறிக் கண்ணாடியைக் கழற்றக் கையைத் தூக்கினான்.

"கைய எடுங்க" என்றாள் துளசிமணி. "சித்த நேரம் போட்டுக்கிட்டே இருங்க."

அவள் கதவுத் தாழ்ப்பாளை இன்னொரு முறை அழுத்திவிட்டு வந்து, அவனைக் கைப்பிடித்து இறக்கித் தரையில் உட்காரவைத்து, தட்டைக் கழுவி அவன் முன்னால் வைத்து, சோற்றைப் போட்டுக் குழம்பை ஊற்றினாள். அவன் கையை நீட்டினான், வெறும் தரையைத் தொட்டான், திரும்ப நீட்டினான்.

"ரெண்டு தட்டு தெரியும்" என்றாள். "பளிச்சுன்னு இருக்கறதுல கைய வைங்க."